வகுப்பிலும் மைதானத்திலும் ஒரே வாத்தியார்

பெரியோர்களே, உடற்கல்வி ஆசிரிய நண்பர்களே, வணக்கம்.

பாடம் நடத்துகிறவர் வேறு, விசில் ஊதுகிறவர் வேறு என்று பிரித்தே பழகிவிட்டோம். இரண்டையும் செய்த ஒருவரைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன். நூட் ராக்னி. அமெரிக்கக் கால்பந்துக்காரர். நாம் ஆடும் கால்பந்து அல்ல. இரு முனையும் கூம்பிய பந்தை இடுக்கிக்கொண்டு ஓடுவார்களே, அது.

1888-ல் நார்வேயில் பிறந்து, ஐந்து வயதில் சிகாகோ வந்தவர். தபால் இலாகாவில் வேலை பார்த்துக் காசு சேர்த்து, 1910-ல் இண்டியானா மாநிலத்தின் நோட்டர் டேம் பல்கலைக்கழகத்தில் சேர்ந்தபோது வயது 22. சக மாணவர்களுக்கு அண்ணன் மாதிரி.

1913 கோடை விடுமுறையில் அவரும் நண்பர் கஸ் டோரேயும் ஈரி ஏரிக்கரையில், சீடார் பாயின்டில் வேலைக்குப் போனார்கள். வேலை முடிந்ததும் மணலில் பயிற்சி. பந்தை முன்னோக்கி எறியலாம் என்று 1906-லேயே விதி வந்துவிட்டது; பெரிய அணிகள்தான் அதை நம்பவில்லை. எறிந்த பந்தை நெஞ்சோடு அணைத்துப் பிடிப்பதுதான் அன்றைய பழக்கம். அதில் ஓட்டம் தடைப்படும். ராக்னி விரல்களைத் தளர்த்தி, வேகம் குறையாமல், கையாலேயே வாங்கப் பழகினார்.

நவம்பர் 1. வெஸ்ட் பாயின்ட் ராணுவக் கல்லூரியோடு ஆட்டம். ராக்னி நொண்டி நொண்டி நடந்தார். தன்னைக் காவல் காத்தவன் அசந்த நேரம் பார்த்துப் பாய்ந்தார். டோரே எறிந்த பந்து கைக்கு வந்தது, டச் டவுன்! அதாவது, எதிரணியின் எல்லைக்குள் பந்தைக் கொண்டு சேர்த்துப் புள்ளி எடுத்துவிட்டார். 35-13 என்று நோட்டர் டேம் ஜெயித்தது. நொண்டிய கதையைச் சொன்னவர் ராக்னியேதான். கொஞ்சம் மசாலா இருக்கலாம்.

1914-ல் மருந்தியல் பட்டம். பிறகு அங்கேயே வேதியியல் பாடம், மாலையில் துணைப் பயிற்சியாளர் வேலை. அவர் உதவியாளராக இருந்தது நியூலேண்ட் பாதிரியாரின் ஆய்வுக்கூடத்தில். அந்தப் பாதிரியாரின் அசிட்டிலின் ஆராய்ச்சிதான் பின்னால் நியோப்ரீன் என்ற செயற்கை ரப்பருக்கு வழி செய்தது.

1918-ல் தலைமைப் பயிற்சியாளர் ஆனார். 13 பருவங்கள், 105 வெற்றி, 12 தோல்வி, 5 டிரா. ஆய்வுக்கூடப் புத்தி மைதானத்திலும் தெரிந்தது என்பேன். பந்து கிளம்புவதற்குச் சற்று முன் பின்வரிசை நால்வரும் ஒரே தாளத்தில் இடம் மாறுவார்கள். ஒருவன் அரை அடி தப்பினாலும் கதை கந்தல். எதிரணிகள் திணறியதில், இடம் மாறிய பின் ஒரு நொடி அசையாமல் நிற்க வேண்டும் என்று விதியையே இறுக்கினார்கள்.

ஆனால் ஊர் நினைவில் நிற்பது 1928-ல், இறந்துபோன வீரர் ஜார்ஜ் கிப்பின் பெயரைச் சொல்லி அவர் அணியை உசுப்பிய பேச்சு. தனக்காக ஒரு ஆட்டம் ஜெயிக்கும்படி கிப் சாகும்போது கேட்டுக்கொண்டார் என்பதுதான் அந்தப் பேச்சு. நிஜமாகவே கேட்டாரா என்று ஆராய்ந்தவர்களுக்கே சந்தேகம். எனக்கு அந்தப் பேச்சைவிட அந்த அரை அடிதான் பெரிது.

1931 மார்ச் 31. கான்சாஸில் விமானம் விழுந்து, 43 வயதில் போய்விட்டார். விமானத்தின் இறக்கை மரத்தாலானது. நாடு முழுக்க எழுந்த கொதிப்பில் அந்த வகை விமானங்களுக்கு மவுசு போயிற்று, உலோக விமானங்கள் வேகமாக வந்தன.

அவரிடம் ஆடியவர்கள் பலர் பயிற்சியாளர்கள் ஆனார்கள். அவர்களில் ஜிம் குரோலி, ஃபோர்டாம் கல்லூரியில் பயிற்சி கொடுத்த பையன்களில் ஒருவர் வின்ஸ் லோம்பார்டி. பின்னால் அவரும் பெரிய பயிற்சியாளர் ஆனார்; இன்று அமெரிக்கக் கால்பந்தின் இறுதி ஆட்டமான சூப்பர் பௌலின் கோப்பைக்கே அவர் பெயர்தான். அந்த லோம்பார்டியும் நியூ ஜெர்சியில் ஒரு பள்ளியில் அணியைப் பார்த்துக்கொண்டே இயற்பியல், வேதியியல், லத்தீன் நடத்தியவர். நன்றி, வணக்கம்.