மனத்தில் நிற்பவர் குணச்சித்திர நடிகையே!

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம். மனத்தில் நிற்பவர் நாயகியா, குணச்சித்திர நடிகையா என்பதுதான் இன்றைய பட்டிமன்றக் கேள்வி.

எதிரணித் தலைவர் ஹாலிவுட் நாயகி எலிசபெத் டெய்லர் பெயரைச் சொல்லிக் கைதட்டல் வாங்கிவிட்டார். "கூட்டம் வருவது நாயகியின் முகத்துக்காக; குணச்சித்திர நடிகை ஓரமாக வந்து போகிறவர்" என்றார். சரி, அவர் கொண்டுவந்த டெய்லரையே எடுத்துக்கொள்கிறேன்.

1963இல் 'தி வி.ஐ.பி.ஸ்' என்று ஒரு படம். மூடுபனியால் லண்டன் விமான நிலையத்தில் மாட்டிக்கொண்ட பயணிகளின் கதை. டெய்லரும் ரிச்சர்ட் பர்ட்டனும் ஜோடி; அன்றைக்கு உலகமே வாய் பிளந்து பார்த்த ஜோடி. அவர்களுக்கு நடுவே, பரம்பரை வீட்டைக் காப்பாற்றப் பணம் வேண்டுமே என்று அமெரிக்காவுக்குக் கிளம்பிய ஒரு வயதான சீமாட்டி. விமானம் என்றால் பயம், பயத்துக்கு மாத்திரை, மாத்திரை போட்டதால் தடுமாற்றம். அவ்வளவுதான் வேடம். அந்தப் படத்துக்குக் கிடைத்த ஒரே ஆஸ்கர் யாருக்குப் போனது? அந்தச் சீமாட்டியாக நடித்த மார்கரெட் ரதர்ஃபோர்டுக்கு. வயது 71!

கல்யாணத்துக்குப் போவது மணமக்களைப் பார்க்கத்தான், ஒப்புக்கொள்கிறேன். வீடு திரும்பியதும் பேசுவது சாம்பாரைப் பற்றித்தானே!

அடுத்து வந்த நண்பர், "நாயகி ஆக முடியாதவர்தான் இந்தப் பக்கம் ஒதுங்குவார்" என்றார். ரதர்ஃபோர்டு ஒதுங்கினாரா? கேளுங்கள். 1892இல் லண்டனில் பிறந்தவர். கைக்குழந்தையாக வந்து சேர்ந்தது எங்கே தெரியுமா? மெட்ராஸ், நம்ம ஊர்தான். இங்கே தாய் தன் உயிரை மாய்த்துக்கொள்ள, மூன்று வயதில் திரும்ப அனுப்பப்பட்டு விம்பிள்டனில் உறவுக்காரப் பெண்மணி ஒருவரிடம் வளர்ந்தார். தந்தையோ மனநோயால் தன் தகப்பனையே கொன்று, பிராட்மூர் காப்பகத்தில் அடைபட்டவர். பியானோ சொல்லிக்கொடுத்துக் காலம் போயிற்று. ஓல்டு விக் நாடகக் குழுவில் மேடை ஏறியபோது 33 வயது. பல நாயகிகளுக்கு அது அம்மா வேடம் தேடிவரத் தொடங்கும் வயது, நடுவர் அவர்களே. இவருக்கு அதுதான் முதல் நாள்.

நாடக விமர்சகர் கென்னத் டைனன் இவரைப் பற்றி எழுதினார்: தாடையை மட்டும் வைத்துக்கொண்டே நடிக்கத் தெரிந்தவர் என்று. அந்தத் தாடையைப் பார்க்க வேண்டுமானால் 'பிளைத் ஸ்பிரிட்' பாருங்கள். 1941இல், குண்டு விழுந்த லண்டனில் நாடகமாக வந்தது. 1945இல் டேவிட் லீன் படமாக்கினார். ஆவிகளோடு பேசும் மேடம் ஆர்கட்டியாக இவர். மோட்டார் காரில் அல்ல, சைக்கிளில் வந்து இறங்குகிறார். கிண்டலாக நடித்துச் சிரிப்பை அள்ளிக்கொண்டு போயிருக்கலாம். இவர் அப்படிச் செய்யவில்லை. ஆவிகளை உண்மையாகவே நம்புகிற ஒரு பெண்ணாக, துளிகூடக் கண்ணடிக்காமல் நடித்தார். தாடை நிமிரும், கை வீசும், குரல் கணீரென்று வரும்; நமக்குச் சிரிப்பு தாங்காது, அவருக்கோ அது தொழில். அதே படத்தில் இரண்டு நாயகிகள் உண்டு, ஒருவர் பச்சைப் பூச்சோடு பேயாகவே வருவார். எதிரணியில் யாராவது அவர்கள் பெயரைச் சொல்லுங்கள். சொல்லுங்கள் ஐயா! பரவாயில்லை, மணி அடிக்கட்டும், காத்திருக்கிறேன்.

சத்தத்தைக் காணோம். மேலே போகிறேன்.

"துப்பறியும் கிழவி மிஸ் மார்பிளாக நான்கு படத்தில் முதன்மை வேடம் போட்டாரே, அப்போது அவர் நாயகிதானே?" என்று கடைசிப் பேச்சாளர் கேட்கப் போகிறார், எனக்குத் தெரியும். 1961இல் முதல் படம் வந்தபோது இவருக்கு 69. மார்பிளாக உடுத்தியது சொந்த உடை. படத்தில் கூடவே திரியும் மிஸ்டர் ஸ்ட்ரிங்கர் யார்? இவர் ஐம்பதைத் தாண்டிக் கைப்பிடித்த கணவர் ஸ்ட்ரிங்கர் டேவிஸ்! எந்த நாயகி இப்படி வீட்டையே தூக்கிக்கொண்டு திரைக்குள் வந்திருக்கிறார்? நாயகியாவதற்காக இவர் தன்னை மாற்றிக்கொள்ளவில்லை. முதன்மை வேடம்தான் குணச்சித்திரத்தைத் தேடி வந்தது.

இன்னொன்று. மார்பிளைப் படைத்த அகதா கிறிஸ்டிக்கு அந்தப் படங்களே பிடிக்கவில்லை. அவர் எழுதிய மார்பிள் மெலிந்த, அடக்கமான கிழவி. இவரோ ஆள் பருமன், அதிரடி. ஆனாலும் 1962இல் வந்த மார்பிள் நாவலைக் கிறிஸ்டி யாருக்குக் காணிக்கை ஆக்கினார்? மார்கரெட் ரதர்ஃபோர்டுக்கு, பாராட்டுதலோடு என்று எழுதி. படத்தைப் பிடிக்காத எழுத்தாளருக்கே நடிகையைப் பிடித்துப்போயிற்று. இதற்கு எதிரணி என்ன பதில் சொல்லப்போகிறது என்று கேட்டுவிட்டு உட்காருகிறேன்.