சாப்பாட்டு மேசையில் தொடங்கும் பயம்

(கிளிநொச்சியில் குறும்படம் எடுக்கும் இளையோர் முன் பேசியதன் எழுத்து வடிவம்)

பிள்ளைகள், சற்று முன் உங்களில் ஒருவர் கேட்டார்: "சேர், கிராபிக்ஸ் செய்ய எங்களிட்டக் காசில்லை. வேற்றுக்கிரகப் பிராணியை எப்படிக் காட்டுறது?" சரி, அதிலிருந்தே தொடங்குகிறேன்.

1979இல் வந்த 'ஏலியன்' படத்தில் ஏழு பேர் விண்கப்பலில் போகிறார்கள். வீரர்கள் இல்லை, சம்பளத்துக்கு வேலை செய்பவர்கள். போனஸ் காணாது என்று முணுமுணுக்கிறார்கள், பகிடி விடுகிறார்கள், சேர்ந்திருந்து சாப்பிடுகிறார்கள். அந்த மேசையில்தான் அவர்களில் ஒருவராக நடித்த ஜோன் ஹேர்ட்டின் நெஞ்சைப் பிளந்துகொண்டு பிராணி வருகிறது. அது வரப்போவது மற்ற நடிகர்களுக்குத் தெரியும். எவ்வளவு இரத்தம் தெறிக்கும் என்று தெரியாது. அவர்களில் ஒருவரான வெரோனிக்கா கார்ட்ரைட் திடுக்கிட்டது உண்மையாகவே. ஆனால் இந்த உத்தியை நீங்கள் பின்பற்ற வேண்டாம். நடிகரை ஏமாற்றி வாங்கும் அலறல் ஒரு தடவைதான் கிடைக்கும். அதற்கு முன் நடந்த சாப்பாடும் பகிடியும்தான் எங்களை அவர்களோடு இருத்தியது.

1986இல் வந்த 'த ஃப்ளை' படத்தில் ஜெஃப் கோல்ட்ப்ளம் மெல்ல மெல்ல ஈயாக மாறும் விஞ்ஞானி. முகத்தில் பெரிய ஒப்பனை ஏறுவதற்கு முன்பே எனக்குப் பயம் வந்துவிட்டது. கோப்பிக்குள் சீனியை அள்ளி அள்ளிப் போட்டபடி நிறுத்தாமல் பேசுகிறார். தனக்கு நடப்பது அவருக்கே தெரியவில்லை, காதலிக்குத் தெரிகிறது. பயம் அவள் பார்வையில் இருக்கிறது.

சின்ன வயதில் முள்ளியவளையில் கோவலன் கூத்துப் பார்த்தேன். கோவலனாக ஆடியவர் எங்கள் பக்கத்து வயல்காரர். கதை எல்லோருக்கும் பாடம். கோவலனை வெட்ட வாள் பிடித்தவர் இன்னும் கூத்துக் களரிக்கு வரவில்லை. சிலம்பை எடுத்துக்கொண்டு புறப்பட்டவர், நின்று கண்ணகியைத் திரும்பிப் பார்த்துச் சிரித்தார். அவ்வளவுதான். என் பக்கத்தில் இருந்த ஆச்சி, "போகாதை மோனை, போகாதை" என்று அழத் தொடங்கிவிட்டார். எனக்கு உடம்பெல்லாம் நடுங்கியது. அந்த நடுக்கத்தை எந்தப் பிராணியும் இன்றுவரை எனக்குத் தரவில்லை.

அப்புறம், கேள்வி கேட்ட தம்பிக்கு ஒரு வேலை. உங்கள் கதையில் அக்காவும் தம்பியும் வருகிறார்கள் அல்லவா? நாளைக்கு அவர்கள் இரண்டு பேரும் தேத்தண்ணி குடிக்கும் காட்சியை மட்டும் எடுத்துக்கொண்டு வாருங்கள். தம்பி வழக்கமாக எத்தனை கரண்டி சீனி போடுவான் என்று அக்காவுக்குத் தெரிந்திருக்க வேண்டும். பிராணியைப் பிறகு பார்ப்போம்.