ஸ்வென் நிக்விஸ்ட் இயக்கிய பஞ்சம்

எல்லோருக்கும் வணக்கம். படம் போடுவதற்கு முன் கொஞ்ச நேரம் பேசச் சொல்லியிருக்கிறார்கள். பார்க்கப்போவது ‘ஆக்ஸன்’, அதாவது எருது. 1991இல் ஸ்வென் நிக்விஸ்ட் இயக்கிய ஸ்வீடன் நாட்டுப் படம்.

ஸ்வென் நிக்விஸ்ட் என்றால் ஸ்வீடன் இயக்குநர் இங்மார் பெரிக்மனின் கேமராமேன் என்றுதான் சொல்வோம். ‘க்ரைஸ் அண்ட் விஸ்பர்ஸ்’, ‘ஃபேனி அண்ட் அலெக்சாண்டர்’ இரண்டுக்கும் ஒளிப்பதிவுக்காக ஆஸ்கர் வாங்கியவர். எனக்கு அந்த இரண்டையும்விட, பெரிக்மனோடு செய்த ‘வின்டர் லைட்’ பெரிதாகத் தெரிகிறது. ஒரு பாதிரியாரைப் பற்றிய அந்தக் கதை ஒரு ஞாயிற்றுக்கிழமை நண்பகலில் தொடங்கி 3 மணிக்குள் முடிந்துவிடும். படப்பிடிப்புக்கு முன்னால் பெரிக்மனும் இவரும் ஒரு தேவாலயத்தில் போய் உட்கார்ந்தார்கள். வெளியே குளிர்கால மூட்டம். காலை 11 மணியிலிருந்து மதியம் 2 மணிவரை உள்ளே வெளிச்சம் எப்படி மாறுகிறது என்று பார்த்துக்கொண்டே இருந்தார்கள். மூட்டமான நாளில் நிழல் விழாது. ஆனால் செட்டில் விளக்கு வைத்தால் விழுந்தே தீரும். அப்புறம் முகத்தில் நேரே விளக்கடிப்பதை விட்டுவிட்டு, வெளிச்சத்தை வேறெங்காவது பட்டுத் திரும்பி வரும்படி செய்தார். பாதிரியார் முகத்தில் அசதி மட்டும் தெரியும், லைட்டிங் தெரியாது.

இவ்வளவு இருந்தும் கேமராமேன் கடைசியில் அடுத்தவர் முடிவுக்குக் கட்டுப்பட்டவர்தான். ரஷ்ய இயக்குநர் தார்க்கோவ்ஸ்கியின் ‘சாக்ரிஃபைஸ்’ படத்துக்கும் நிக்விஸ்ட்தான் கேமரா. அதில் வீடு பற்றியெரியும் காட்சியை ஒரே கேமராவில்தான் எடுப்பேன் என்றார் இயக்குநர். இவர் வேண்டாம் என்றார், கேட்கவில்லை. கேமரா சிக்கிக்கொண்டது, வீடு எரிந்து போனது. மறுபடி வீட்டைக் கட்டி, மறுபடி எரித்தார்கள்!

அதனால் கோபித்துக்கொண்டு இயக்க வந்தார் என்று நினைக்க வேண்டாம். 1965இலேயே ‘லியான்ப்ரூன்’ என்று ஒரு படம் இயக்கியிருக்கிறார். 1978இல் எர்லாந்து யோசெப்சன், இங்க்ரிட் துலின் என்ற நடிகர்கள் இருவரோடு சேர்ந்து இன்னொன்று. ஆனால் அவர் மட்டுமே சொல்லக்கூடிய கதை என்றால், என் கணக்கில் அது ‘ஆக்ஸன்’தான். லாஸ்ஸே சும்மானெனோடு சேர்ந்து அவரே எழுதினார். அப்போது எழுபதை நெருங்கிக்கொண்டிருந்தார்.

அவர் பிறந்தது தெற்கு ஸ்வீடனின் ஸ்மோலண்ட் பகுதியில், மூஹெடா என்ற ஊரில். அப்பா அம்மா இருவரும் காங்கோவில் ஊழியம் செய்த மிஷனரிகள். பிள்ளையை ஊரில் சொந்தக்காரர்கள்தான் வளர்த்தார்கள். படத்தின் கதையும் அதே ஸ்மோலண்டில்தான் நடக்கிறது. 1860களின் கடைசியில் ஸ்வீடனைப் பஞ்சம் வாட்டியது. 1867இல் வடக்கே குளிர் பயிரைக் கெடுத்தது, மறுவருடம் தெற்கே வறட்சி. கூட்டங்கூட்டமாக ஜனங்கள் அமெரிக்காவுக்குக் கப்பலேறினார்கள். போக வழியில்லாத ஒரு கூலியாள், ஸ்டெல்லன் ஸ்கார்ஸ்கார்ட் நடித்த ஹெல்கே, பண்ணையாரின் எருதை அடித்துக் கொன்றுவிடுகிறான். வீட்டில் மனைவியும் கைக்குழந்தையும் பட்டினி. இறைச்சி வந்துவிட்டதே என்று மனைவி மகிழவில்லை, மிரண்டு போகிறாள். திருட்டுக்குக் கிடைக்கும் தண்டனை அவளுக்குத் தெரியும். நடந்த சம்பவத்தை வைத்து எழுதிய கதை இது.

வீட்டுக்குள் வரும் காட்சிகளைக் கவனியுங்கள். அந்த ஏழை வீட்டில் வெளிச்சம்கூட அளந்து கொடுத்த மாதிரிதான் இருக்கும். பாதிரியாராக மாக்ஸ் வான் சைடோ வருகிறார், லிவ் உல்மனும் இருக்கிறார். பெரிக்மன் படங்களில் வழக்கமாக நடிப்பவர்கள் நண்பருக்காக வந்து நின்றிருக்கிறார்கள். குறை சொல்வதென்றால், பின்பாதி கொஞ்சம் அவசரப்படுகிறது. இத்தனை பெரிய நடிகர்கள் சின்ன வேடங்களில் வந்து போவதும் உறுத்துகிறது. பெரிக்மன் இயக்கியிருந்தால் ஒரு முகத்திலேயே பத்து நிமிடம் நின்றிருப்பார் என்று தோன்றும். இவர் நிற்கவில்லை. முகத்தைக் காட்டிவிட்டு வேலைக்கும் பசிக்கும் திரும்பிவிடுகிறார். எனக்கு அது பிடித்திருக்கிறது.

சிறந்த அயல்மொழிப் படத்துக்கான ஆஸ்கர் பட்டியலில் வந்தது. விருது இத்தாலியப் படமான ‘மெடிடெரானியோ’வுக்குப் போனது. அதற்குப் பிறகு நிக்விஸ்ட் கேமராவுக்கே திரும்பிவிட்டார், 1998 வரை. பேச்சிழப்பு நோய் வந்ததால்தான் நிறுத்தினார்.

சரி, ஒன்றரை மணி நேரப் படம். மனைவியாக வரும் ஏவா ஃப்ரோலிங்கைப் பற்றி நான் ஒன்றும் சொல்லவில்லை, வேண்டுமென்றேதான். பார்த்துவிட்டு நீங்கள் சொல்லுங்கள். விளக்கை அணைக்கலாம்.