நிறமில்லாத முக்கோணங்கள்: அலாஸ்கா எரிமலைகள் பற்றிய கேள்விக்கு விளக்கம்

வணக்கம். சென்ற முறை பசிபிக் நெருப்பு வளையத்தைப் பற்றிப் பேசியதைப் பார்த்த ஒருவர் அனுப்பிய கேள்வியை இன்று எடுத்துக்கொள்கிறேன். அலாஸ்கா எரிமலை ஆய்வகத்தின் வரைபடத்தை அவர் இணையத்தில் திறந்து பார்த்திருக்கிறார். அதில் முக்கோணங்களாகக் குறிக்கப்பட்ட எரிமலைகளில் சில பச்சையாகவும், ஓரிரண்டு மஞ்சளாகவோ ஆரஞ்சாகவோ, வேறு பல நிறம் எதுவும் குறிக்கப்படாமலும் இருப்பதைக் கண்டு, “நிறமில்லாதவை செயலிழந்த எரிமலைகளா? ஆளரவமற்ற தீவுகளில் கிடக்கும் இவற்றை வரைபடமாக்கவும் கண்காணிக்கவும் ஏன் இவ்வளவு பாடுபட வேண்டும்? மேலே செயற்கைக்கோள்கள் சுற்றுகின்றனவே, அவை போதாதா?” என்று கேட்டிருக்கிறார்.

முதற்கேள்விக்கு நேரடியான விடை, அவை செயலிழந்தவை அல்ல என்பதுதான். ஓர் எரிமலைக்குப் பச்சை நிறம் தர வேண்டுமானால், அது வழக்கமான அமைதியில் இருக்கிறது என்று சொல்லும் அளவுக்குத் தரையில் கருவிகள் இயங்கிக்கொண்டிருக்க வேண்டும். கருவி இல்லாத எரிமலை அமைதியாக இருக்கிறதா, உள்ளுக்குள் குமுறுகிறதா என்பதை உறுதியாகச் சொல்ல இயலாது. அதனால் அதற்கு எந்த நிறமும் ஒதுக்குவதில்லை. பச்சையில் இருந்த எரிமலையின் கருவிகள் குளிர்காலத்தில் பழுதாகி, சமிக்ஞை நின்றுவிட்டால், மலையில் எந்த மாற்றமும் இல்லாதபோதும் அதன் பச்சையை எடுத்துவிடுவார்கள். எனக்கு இந்த ஆய்வகத்தின் மீது மதிப்பு ஏற்பட்டதற்கு முதற்காரணமே இந்த நேர்மைதான். தகவல் இல்லாத இடத்தில் ‘எல்லாம் நலம்’ என்று எழுதிவிடுவது எவ்வளவு எளிது என்பதை நாம் அறிவோம்.

இனி, ஏன் இந்தப் பாடு என்ற கேள்விக்கு வருகிறேன். புவியோட்டின் பெரும் பாறைப் பலகைகளில் ஒன்றான பசிபிக் தட்டு, வட அமெரிக்கத் தட்டின் அடியில் ஆண்டுக்கு ஆறேழு சென்டிமீட்டர் வேகத்தில் அமிழ்ந்துகொண்டிருக்கிறது. அதனால் உண்டான எரிமலை வரிசை, ஆங்கரேஜ் நகருக்கு மேற்கேயுள்ள ஸ்பர் மலையிலிருந்து அலூசியன் தீவுகளின் வழியாக ஏறத்தாழ 2,500 கிலோமீட்டர் நீள்கிறது. எழுத்துப் பதிவுகள் தொடங்கிய 18ஆம் நூற்றாண்டுக்குப் பிறகு மட்டும் அலாஸ்காவில் ஐம்பதுக்கும் மேற்பட்ட எரிமலைகள் வெடித்திருக்கின்றன. ஆளரவமற்ற தீவுகள் என்று கேள்வியில் இருப்பது பாதி சரி. உனலாஸ்கா போன்ற துறைமுக ஊர்களும், உனங்கன் மக்கள் ஆயிரக்கணக்கான ஆண்டுகளாக வாழ்ந்துவரும் சிற்றூர்களும் அந்தத் தீவுகளில் உண்டு. ஆனாலும் தரையில் இருப்பவர்களைவிடப் பல மடங்கு மனிதர்கள், ஒவ்வொரு நாளும் அந்த எரிமலைகளுக்கு மேலே பத்துக் கிலோமீட்டர் உயரத்தில் கடந்துபோகிறார்கள். வட அமெரிக்காவையும் கிழக்காசியாவையும் இணைக்கும் விமானப் பாதைகள் அந்த வரிசையை ஒட்டியே செல்கின்றன.

இதன் பொருள் உலகுக்கு விளங்கிய நாள் 1989 டிசம்பர் 15. ரிடவுட் எரிமலை அதற்கு முந்தைய நாள்தான் வெடிக்கத் தொடங்கியிருந்தது. ஆம்ஸ்டர்டாமிலிருந்து ஆங்கரேஜ் வழியாகத் தோக்கியோ செல்லவிருந்த கேஎல்எம் நிறுவனத்தின் 867ஆம் எண் போயிங் 747 விமானம், எரிமலையிலிருந்து 200 கிலோமீட்டருக்கும் அப்பால், சாதாரண மேகம் போலத் தெரிந்த சாம்பல் மேகத்துக்குள் நுழைந்தது. சற்று நேரத்தில் நான்கு என்ஜின்களும் நின்றன. எரிமலைச் சாம்பல் என்பது அடுப்புச் சாம்பலைப் போன்றதன்று. அது பொடியான பாறையும் கண்ணாடியும். ஏறக்குறைய 1,100 டிகிரி செல்சியஸில் அந்தக் கண்ணாடி உருகிவிடும். ஜெட் என்ஜினின் உட்பகுதி அதைவிட வெப்பமானது. உருகியது பின்னால் உள்ள தகடுகளில் படிந்து, காற்றுப் போகும் வழியை அடைத்துவிடுகிறது. நான்கு கிலோமீட்டருக்கும் மேல் அந்த விமானம் இறங்கிய பிறகு, குளிர்ந்த படிவு விரிசல் விட்டு உதிர்ந்ததால், மீண்டும் மீண்டும் முயன்ற விமானிகளால் என்ஜின்களை இயக்க முடிந்தது. அதிலிருந்த ஏறத்தாழ 245 பேரும் பத்திரமாக ஆங்கரேஜில் இறங்கினார்கள். விமானத்துக்கு நேர்ந்த சேதம் எட்டுக் கோடி டாலர். 1988இல் தொடங்கப்பட்டு அப்போது புதிதாகவே இருந்த ஆய்வகம், அந்த ரிடவுட் வெடிப்பின் நடுவே, 1990இல், நிலைமையை ஒரே சொல்லில் விமானிகளுக்குச் சொல்வதற்காகப் பச்சை, மஞ்சள், ஆரஞ்சு, சிவப்பு என்ற முறையை உருவாக்கியது. பிற்பாடு பன்னாட்டு விமானப் போக்குவரத்து அமைப்பும் அதையே ஏற்றுக்கொண்டது. கேள்வி கேட்டவர் பார்த்த நிறங்களின் வரலாறு இதுதான்.

அடுத்தது வரைபடம். இதைத்தான் பலரும் குறைத்து மதிப்பிடுகிறார்கள். மலை எங்கே இருக்கிறது என்று புள்ளி வைப்பது மட்டும் எரிமலை வரைபடம் ஆகிவிடாது. எந்தப் படிவு எந்த வெடிப்பில் வந்தது, எவ்வளவு தடிமன், அதற்கு மேலும் கீழும் என்ன இருக்கிறது என்று அடுக்கடுக்காக அந்த மலையின் நடத்தையைப் படித்து எழுதுவதே அந்த வேலை. இதற்கு அலாஸ்காவின் கட்மை மலைப் பகுதியில் 1912 ஜூன் 6ஆம் தேதி தொடங்கிய வெடிப்பைவிட நல்ல சான்று கிடையாது. ஏறத்தாழ 60 மணி நேரத்தில் 13 கன கிலோமீட்டருக்கும் மேற்பட்ட பாறைக்குழம்பு வெளியேறிய, 20ஆம் நூற்றாண்டின் மிகப் பெரிய வெடிப்பு அது. நூற்று அறுபது கிலோமீட்டருக்கு அப்பால் இருந்த கோடியாக் ஊரில் பகல் இருளாகி, ஓரடித் தடிமனுக்குச் சாம்பல் விழுந்தது. 1916இல் தாவரவியலாளர் ராபர்ட் கிரிக்ஸ் அந்தப் பகுதிக்குள் சென்றபோது, பள்ளத்தாக்கு முழுவதும் ஆயிரக்கணக்கான ஆவித் துளைகள் புகைந்துகொண்டிருந்தன. கட்மை மலையின் உச்சி காணாமற்போய், அங்கே பெருங்குழி ஒன்று இருந்தது. உச்சி போன மலைதான் வெடித்த மலை என்று எல்லோரும் முடிவு செய்தார்கள். யாராக இருந்தாலும் அப்படித்தான் முடிவு செய்திருப்பார்கள்.

நாற்பது ஆண்டுகளுக்குப் பிறகு, 1950களில், கார்னிஸ் கர்ட்டிஸ் என்ற நிலவியலாளர் சாம்பல் படிவின் தடிமனை இடம் இடமாக அளந்தார். ஒரே தடிமன் உள்ள இடங்களைக் கோடுகளால் இணைத்தபோது, அந்தக் கோடுகள் கட்மையைச் சுற்றி வளையவில்லை. பத்துக் கிலோமீட்டர் தள்ளி, யாரும் பொருட்படுத்தாத நோவரப்டா என்ற சிறிய பாறைக் குவிமாடத்தைச் சுற்றி வளைந்தன. கட்மையின் அடியில் இருந்த குழம்பு பக்கவாட்டில் வடிந்து நோவரப்டா வழியாக வெளியேறியது. தாங்குவதற்கு அடியில் ஒன்றும் இல்லாமற்போனதால் கட்மையின் உச்சி உள்ளே சரிந்தது. கண்ணுக்குத் தெரிந்த குழி தவறான இடத்தைக் காட்ட, மண்வெட்டியும் அளவுகோலும் சரியான இடத்தைக் காட்டின.

இந்தப் பழைய கணக்கு இன்றைக்கும் எப்படிப் பயன்படுகிறது என்பதற்கு ஸ்பர் மலையைச் சொல்லலாம். ஆங்கரேஜிலிருந்து ஏறத்தாழ 130 கிலோமீட்டரில் இருக்கும் அந்த மலையில் 2024இல் நிலநடுக்கங்கள் கூடின, தரை வீங்கியது, உச்சிக் குழியில் பனி உருகி ஏரி உண்டானது. 2025 மார்ச்சில், வாயுவை அளக்கப் பறந்த விமானத்தின் அளவீடுகளையும் சேர்த்துப் பார்த்த ஆய்வகம், வெடிப்பு நிகழ்வதற்கே வாய்ப்பு அதிகம் என்று அறிவித்தது. எந்த வாயில் வழியாக, எவ்வளவு பெரிதாக என்ற அடுத்த கேள்விக்கு எந்த நிலநடுக்கமானியும் விடை சொல்லாது. 1953இலும் 1992இலும் வெடித்தது உச்சியல்ல, தெற்குப் பக்கத்திலுள்ள கிரேட்டர் பீக் என்ற துணை வாயில். உச்சி கடைசியாக வெடித்துச் சுமார் ஐயாயிரம் ஆண்டுகள் ஆகின்றன. படிவுகளைப் படித்துப் பெற்ற இந்த அறிவைக் கொண்டுதான், வந்தால் 1992 போன்ற வெடிப்பாக இருக்கும் என்று நகர மக்களிடம் சொல்ல முடிந்தது. பிறகு அசைவுகள் குறைந்தன. ஏப்ரலில் வாய்ப்பு குறைந்துவிட்டதாக ஆய்வகமே திருத்திச் சொன்னது. பொய்யான எச்சரிக்கை என்று அப்போது சிலர் முணுமுணுத்தார்கள். பாறைக்குழம்பு மேலேறி வந்து வழியில் நின்றுவிடுவது எரிமலைகளில் அடிக்கடி நடப்பதுதான். அந்த எச்சரிக்கையில் நான் குறை காணவில்லை.

செயற்கைக்கோள் போதாதா என்ற கேள்விக்கு எட்ஜ்கம்ப் மலையின் கதையையே விடையாகத் தருகிறேன், ஏனென்றால் அது செயற்கைக்கோளின் வெற்றியாகவும் இருக்கிறது, அதன் எல்லையையும் காட்டுகிறது. அலூசியன் வரிசையில் சேராமல், அலாஸ்காவின் தென்கிழக்கில் சிட்கா ஊருக்கு எதிரே நிற்கும் இந்த மலை, அப்பகுதியின் பழங்குடியினரான டிலிங்கிட் மக்களின் வாய்மொழி மரபில் புகைந்த மலையாக வருகிறது. ஆனால் நம் காலத்தில் யாரும் அதைச் சந்தேகிக்கவில்லை, மலையில் கருவியும் இல்லை. 2022 ஏப்ரலில் சிட்காவில் இருந்த நிலநடுக்கமானி அங்கே சிறு அதிர்வுகள் கூட்டமாக வருவதைப் பதிவு செய்தது. உடனே ஐரோப்பிய ரேடார் செயற்கைக்கோள் ஏழரை ஆண்டுகளாகச் சேர்த்து வைத்திருந்த பதிவுகளை எடுத்து ஒப்பிட்டார்கள். 2018 ஆகஸ்டிலிருந்தே அந்த மலை மேலெழும்பிக்கொண்டிருந்தது. அதுவரை ஏறத்தாழ 27 சென்டிமீட்டர். ஆழத்தில் 20 கிலோமீட்டரிலிருந்து 10 கிலோமீட்டருக்குக் குழம்பு ஏறியிருந்தது. இவ்வளவும் பதிவில் இருந்தது. பார்க்கச் சொல்லித் தூண்டியதோ தரையில் இருந்த ஒரு கருவி. பிறகு மலையிலேயே கருவிகள் பொருத்தப்பட்டன.

ரேடார் மேகத்தை ஊடுருவும் என்றாலும், குறிப்பிட்ட பாதையில் பல நாள் இடைவெளியில்தான் அது திரும்பி வருகிறது. வெப்பத்தைப் பார்க்கும் செயற்கைக்கோள்கள் அடிக்கடி வரும். அவற்றை அலூசியன் மேகமூட்டம் மறைத்துவிடும். சாம்பலோ அதற்குள் விமானப் பாதைக்கு வந்துவிடுகிறது. 2008 ஜூலை 12 அன்று ஒக்மோக் எரிமலை வெடித்தபோது, கருவிகள் இருந்தும், முன்னறிகுறியான நிலநடுக்கங்களுக்கும் வெடிப்புக்கும் இடையே ஐந்து மணி நேரம்கூட இல்லை. சாம்பல் 16 கிலோமீட்டர் உயரத்தைத் தொட்டது. அடுத்த மாதமே கசடோச்சி வெடித்தது. அந்தத் தீவில் கருவியே இல்லை. பக்கத்துத் தீவுகளின் கருவிகளில் கேட்ட அதிர்வுதான் துப்பு. அங்கே கடற்பறவைகளை ஆராய்ந்துகொண்டிருந்த இரண்டு உயிரியலாளர்களை ஒரு மீன்பிடிப் படகு வந்து ஏற்றிச் சென்ற சிறிது நேரத்தில் தீவு வெடித்தது.

கருவி வைக்கவே முடியாத மலையும் உண்டு. போகோஸ்லோஃப் என்பது பெரும்பகுதி கடலுக்குள் மூழ்கிய எரிமலை. தலை மட்டும் வெளியே தெரியும், அதுவும் ஒவ்வொரு வெடிப்பிலும் உருமாறும். 2016 டிசம்பர் முதல் 2017 ஆகஸ்ட் வரை அது ஏறத்தாழ 70 முறை வெடித்தது. அத்தனையையும் அக்கம்பக்கத்துத் தீவுகளிலிருந்தே கவனித்தார்கள். அங்கே உள்ள நிலநடுக்கமானிகள் அதிர்வைக் கேட்டன. மனிதச் செவிக்கு எட்டாத தாழ்ந்த ஒலியைப் பிடிக்கும் கருவிகள் வெடிச்சத்தத்தைப் பிடித்தன. ஒலி 100 கிலோமீட்டரைக் கடக்க ஐந்து நிமிடம் ஆகும் என்பதால் அந்தச் செய்தி சற்றுத் தாமதமாகவே வரும். சாம்பல் மேகத்துக்குள் உண்டாகும் மின்னலைப் பிடிக்கும் வலையமைப்போ உடனடியாகக் காட்டிவிடும். இப்படி ஒன்று சொன்னதை மற்றொன்று உறுதிப்படுத்தி, எச்சரிக்கை விமானிகளுக்குப் போயிற்று.

இந்தக் கருவிகளைக் காப்பாற்றுவது தனிப்பாடு. கோடைகாலத்தில் சில வாரங்களே வேலைக்கு ஏற்றவை. படகிலும் ஹெலிகாப்டரிலும் மின்கலங்களைச் சுமந்துபோய் வைத்துவிட்டு வந்தால், அவை சூரிய ஒளி மிகக் குறைந்த குளிர்காலம் முழுவதும் தாக்குப்பிடிக்க வேண்டும். பனி உறைந்து கம்பம் சாயும், கம்பிவடத்தைக் கரடி கடிக்கும். அதனால்தான் இன்றும் முப்பதுக்குச் சற்று மேற்பட்ட எரிமலைகளில் மட்டுமே தரைக்கருவிகள் இருக்கின்றன.

நிறமில்லாதவற்றில் ஏதாவது விழித்தால் என்னவாகும் என்று கேட்டால், 2006 செப்டம்பரில் ஃபோர்பீக்டு மலையில் நடந்தது நினைவுக்கு வருகிறது. பனியாறுகள் மூடிய அந்த மலை கடந்த பத்தாயிரம் ஆண்டுகளில் வெடித்ததற்கு உறுதியான சான்று எதுவும் அதுவரை இல்லை. யாரும் அதைக் கண்காணிக்கவும் இல்லை. ஒரு நாள் அதன் மேலே நீராவியும் சாம்பலும் எழுந்தன. அதற்குப் பிறகுதான் அங்கே கருவிகளை எடுத்துக்கொண்டு போனார்கள்.