தண்டவாளத்தில் கட்டில் போட்ட சினிமா யூனிட்: 27 வயதில் போன சாரா ஜோன்ஸ்

ரயில் ஓடும் ஆற்றுப் பாலம். அதன் தண்டவாளத்தில் ஒரு இரும்புக் கட்டில். கட்டிலில் மெத்தை. சுற்றிலும் கேமரா, ஆட்கள், பெட்டிகள். பாலத்துக்குச் சொந்தமான ரயில் கம்பெனி இதற்கு அனுமதி தந்ததா? தரவில்லை. "முடியாது" என்று இரண்டு தடவை எழுதியே அனுப்பியிருந்தது. இது யூனிட்டில் சிலருக்குத் தெரியும். பாலத்தில் நின்ற பலருக்குத் தெரியாது. அந்தப் பாலத்தில் நின்ற 27 வயதுப் பெண் ஒருவர் அன்று வீடு திரும்பவில்லை.

[இசை. கானாடுகாத்தான் தெரு.]

வணக்கம் மக்களே. பின்னால் தெரியும் வீடுகளை உங்களுக்கு நான் அறிமுகம் செய்ய வேண்டியதில்லை. பண்ணையார் வீடு, ஜமீன் வீடு, கூட்டுக் குடும்பத்து வீடு, பேய் வீடு என்று தமிழ் சினிமாவில் நீங்கள் பார்த்த பல வீடுகள் இந்தச் செட்டிநாட்டுத் தெருக்களில்தான் இருக்கின்றன. போன படத்தில் வில்லன் வீடு, இந்தப் படத்தில் கல்யாண வீடு. முகப்பு அதே முகப்பு, வளவு அதே வளவு, மாலை மட்டும் புதுசு.

எங்கள் ஊர்ப் பிள்ளைகள் சினிமாவைத் தியேட்டரில் பார்ப்பதற்கு முன்பே தெருவில் பார்த்துவிடுகிறார்கள். ஜெனரேட்டர் வண்டி வந்து நின்றால் போதும், "என்ன படம்ணே?" என்று சைக்கிள்கள் கூடிவிடும். அதில் ஒருத்தன் லைட் தூக்கப் போவான், இன்னொருத்தன் புரொடக்‌ஷனில் டீ கொடுக்கச் சேருவான், ஒருத்தன் அப்படியே சென்னைக்கு பஸ் ஏறிவிடுவான். அமெரிக்காவில் நடந்த ஒரு கதையை இந்தத் தெருவில் நின்று சொல்வது அவர்களுக்காகத்தான்.

சரி, யார் இந்த சாரா ஜோன்ஸ்? தெற்கு கரோலினா மாநிலத்தில் கொலம்பியா ஊர்க்காரர். சார்ல்ஸ்டனில் கல்லூரியில் படித்தார், அங்கே படமாகிக்கொண்டிருந்த ஒரு டிவி தொடரில் பயிற்சிக்குச் சேர்ந்தார், கேமரா பிரிவில் ஒட்டிக்கொண்டார், அப்புறம் அட்லாண்டா பக்கம் போய் 'தி வாம்பயர் டைரீஸ்' தொடரில் வேலை பார்த்தார். பின்னணி அவ்வளவுதான். வேகமாகச் சொல்லிவிட்டேன், ஏனென்றால் எனக்குப் பிடித்த பகுதி இப்போதுதான் வருகிறது.

[திரையில்: கிளாப் போர்டு, மிக நெருக்கத்தில்.]

சாரா செய்தது செகண்ட் அசிஸ்டென்ட் கேமரா வேலை. ஹாலிவுட்டில் கிளாப் அடிப்பது இவர்கள்தான். நம் ஊரில் கிளாப் உதவி இயக்குநர் கையில் இருக்கும். அதுவும் கடைசியாக வந்து சேர்ந்த உதவி இயக்குநர் கையில். "டேக் நம்பர் என்னடா?" என்ற கேள்விக்கு முழிக்காமல் இயக்குநரானவர் கோடம்பாக்கத்தில் யாராவது இருந்தால் கமெண்டில் வந்து சொல்லட்டும்.

அந்தக் கட்டையை எதற்கு அடிக்கிறார்கள்? நல்ல நேரம் பார்த்துத் தேங்காய் உடைக்கிற மாதிரி ஏதோ சடங்கு என்று ரொம்பப் பேர் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். கேமரா படத்தை மட்டும்தான் ஒழுங்காகப் பிடிக்கும். சத்தத்தை வேறொரு கருவி தனியாகப் பதிவு செய்யும். இரண்டையும் பிறகு எடிட்டிங்கில் சேர்க்க வேண்டும். எங்கே வைத்துச் சேர்ப்பது? கட்டை வந்து மோதும் அந்த ஒரு ஃப்ரேமைப் படத்தில் பிடித்து, 'டக்' என்ற சத்தத்தை ஒலியில் பிடித்து, இரண்டையும் ஒரே கோட்டில் நிறுத்தினால் உதடும் குரலும் சேர்ந்துவிடும். சினிமாவில் ஒரு விநாடிக்கு 24 ஃப்ரேம். இரண்டு மூன்று ஃப்ரேம் தள்ளிப் போனாலே நடிகர் யாருடைய குரலிலோ பேசுகிற மாதிரி ஆகிவிடும். கறுப்பு வெள்ளைச் சாய்கோடுகளும் அழகுக்கு இல்லை. இருட்டோ கண் கூசும் வெயிலோ, கட்டை மூடுகிற கணம் பளிச்சென்று தெரிய வேண்டும் என்பதற்காக.

இதில் இன்னும் சுவாரசியம் இருக்கிறது. ஷாட் ஆரம்பத்தில் கிளாப் அடிக்க முடியவில்லை என்றால் முடிவில் அடிப்பார்கள், போர்டைத் தலைகீழாகப் பிடித்து. அதைப் பார்த்ததும் எடிட்டருக்கு இது கடைசியில் அடித்தது என்று புரிந்துவிடும். நடிகை ஏற்கெனவே கண்ணில் நீரோடு தயாராக உட்கார்ந்திருக்கிறார் என்றால் அவர் மூக்குக்கு முன்னால் 'டமார்' என்று அடிக்கக் கூடாது, மெதுவாகத் தட்ட வேண்டும். போன வேகத்திலேயே ஃப்ரேமைவிட்டு வெளியே வந்துவிட வேண்டும். எந்தப் பக்கம் வெளியேறுவது என்பதை முன்கூட்டியே பார்த்து வைத்திருக்க வேண்டும். நல்ல கிளாப் அசிஸ்டென்ட் இருக்கிற செட்டில் அப்படி ஒருவர் இருப்பதே தெரியாது.

கிளாப் போக, நடிகர் எங்கே வந்து நிற்க வேண்டும் என்று தரையில் கலர் டேப் ஒட்டுவதும் இவர்தான். ஆளுக்கு ஒரு கலர். (ஆத்தங்குடிக் கல் பதித்த தரையில் டேப் ஒட்டிவிட்டு, வீட்டைப் பார்த்துக்கொள்ளும் அக்காவிடம் வாங்கிக்கட்டிக்கொள்வது தனிக் கலை. அது ஹாலிவுட் பாடத்திட்டத்தில் வராது.) லென்ஸ் கேட்டால் லென்ஸ், ஃபில்டர் கேட்டால் ஃபில்டர், பேட்டரி கேட்டால் பேட்டரி. கல்யாண வீட்டில் உக்கிராண அறைச் சாவி வைத்திருப்பவர் மாதிரி. கேட்டது கேட்ட நொடியில் வர வேண்டும், ஒரு சாமானும் தொலையக் கூடாது. எந்த ஷாட் எந்த லென்ஸில் எடுத்தது என்று கணக்கும் எழுத வேண்டும். ஆக, லட்சக்கணக்கில் விலை உள்ள கருவிகள் நாள் முழுக்க இவர் பொறுப்பில். இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், ஐந்து நிமிடத்தில் தேவைப்படும். அதற்குள் சப்ஸ்கிரைப் பட்டனையும் ஒரு தட்டு தட்டிவிடுங்கள், டேப் ஒட்டத் தேவையில்லை.

2014 பிப்ரவரி 20. ஜார்ஜியா மாநிலத்தில் ஆல்டமஹா ஆற்றின் மேல் இருக்கும் ரயில் பாலம். கிரெக் ஆல்மன் என்ற ராக் பாடகரின் வாழ்க்கைப் படம், 'மிட்நைட் ரைடர்'. படப்பிடிப்பின் முதல் நாள். எடுக்க வேண்டியது ஒரு கனவுக் காட்சி, அதற்குத்தான் அந்தக் கட்டில். பாலம் சிஎஸ்எக்ஸ் என்ற ரயில் கம்பெனியுடையது. பக்கத்து நிலத்தில் நிற்க அனுமதி இருந்தது, தண்டவாளத்தில் நிற்க இல்லை.

இரண்டு ரயில்கள் போகும்வரை காத்திருந்தார்கள். போயின. இனி வராது என்ற நினைப்பில் பாலத்துக்குப் போனார்கள். ஒருவேளை இன்னொரு ரயில் வந்தால், இறங்கி ஓட 60 விநாடி கிடைக்கும் என்று யூனிட்டிடம் சொல்லப்பட்டது.

இந்த 60 விநாடியைக் கொஞ்சம் பிரித்துப் பார்ப்போம். மூன்றாவது ரயில் வந்தது. சரக்கு ரயில், வேகம் மணிக்குச் சுமார் 90 கிலோமீட்டர். அதாவது விநாடிக்கு 25 மீட்டர். 60 விநாடி கிடைக்க வேண்டும் என்றால் ஒன்றரை கிலோமீட்டருக்கு அப்பால் வரும்போதே அதைப் பார்த்திருக்க வேண்டும். பார்த்த அந்த நொடியே எல்லோரும் ஓட ஆரம்பித்திருக்க வேண்டும். அரை கிலோமீட்டரில் பார்த்தால் 20 விநாடிதான். டிரைவர் பிரேக் போட மாட்டாரா என்று கேட்பீர்கள். அந்த வேகத்தில் வரும் நீளமான சரக்கு ரயில் பிரேக் போட்டு நிற்க ஒன்றரை கிலோமீட்டருக்கு மேல் ஆகும். 60 விநாடி என்று சொன்னவர் எந்தக் கணக்கில் சொன்னாரோ, அந்தக் கணக்கில் ரயில் இல்லை.

பாலத்தில் பக்கவாட்டில் ஒடுங்கிய நடைபாதை மட்டும்தான். பலர் ரயில் வந்த திசையை நோக்கியே ஓட வேண்டியிருந்தது. சிலர் கட்டிலை இழுத்துப் போடப் பார்த்தார்கள், முடியவில்லை. அந்த ஓட்டத்துக்கு நடுவில் சாரா கேமரா சாமான்களை என்ன செய்வது என்று கேட்டதாக, உயிர் தப்பிய சிகை அலங்காரக் கலைஞர் பின்னால் சொன்னார். போட்டுவிட்டு ஓடு என்று மற்றவர்கள் கத்தியிருக்கிறார்கள். ரயில் கட்டிலில் மோதியது. சிதறிய இரும்பு சாராவை அடித்து, ஓடிக்கொண்டிருந்த ரயிலின் பக்கம் தள்ளியது. மேலும் சிலருக்குக் காயம்.

ரயில் வரும்போது யாராவது கேமராவைப் பற்றி யோசிப்பார்களா என்று கேட்கத் தோன்றும். யோசிப்பார்கள். கேமரா பிரிவில் இருக்கும் யாரிடமாவது கேட்டுப் பாருங்கள். மழை வந்தால் முதலில் சட்டையைக் கழற்றி லென்ஸை மூடுகிறவர்கள் அவர்கள். சாமான் உடைந்தால் என் தலை என்று பழகிய உடம்பு அது. அப்படிப் பழக்கப்படுத்திய தொழில், இந்த இடத்தில் நிற்க அனுமதி இருக்கிறதா என்று கேட்க மட்டும் யாரையும் பழக்கவில்லை. எனக்கு ரயிலைவிட இதுதான் அதிர்ச்சி. மறுப்புக் கடிதம் ஒருவர் கையில், தண்டவாளத்தில் இன்னொருவர் கால்.

கோர்ட் கதையைச் சுருக்கமாக. இயக்குநர் ராண்டல் மில்லர் 2015 மார்ச்சில் குற்றத்தை ஒப்புக்கொண்டார். 10 ஆண்டுத் தண்டனை, அதில் இரண்டு ஆண்டு சிறை. ஒரு வருடத்தில் வெளியே வந்துவிட்டார். முதல் உதவி இயக்குநருக்கும் தயாரிப்பை நிர்வகித்தவருக்கும் தலா 10 ஆண்டு நன்னடத்தைக் கண்காணிப்பு. தொழிலாளர் பாதுகாப்புத் துறை படக் கம்பெனிக்கு 74,900 டாலர் அபராதம் போட்டது, அன்றைய மதிப்பில் 45 லட்சம் ரூபாய்க்குப் பக்கம். ஒரு வருடச் சிறையா என்று கோபம் வருகிறதா? எனக்கும் வந்தது. ஆனால் 1982-ல் அதே அமெரிக்காவில் ஒரு படப்பிடிப்பில் ஹெலிகாப்டர் விழுந்து ஒரு நடிகரும் இரண்டு குழந்தைகளும் இறந்தார்கள். அந்த வழக்கில் இயக்குநர் உட்பட எல்லோரும் 1987-ல் விடுதலை. அதோடு வைத்துப் பார்த்தால்தான் இந்த ஒரு வருடத்தின் எடை தெரியும்.

ஒரு திருப்பம் மட்டும் விட மனமில்லை. 2017-ல் குடும்பத்தினர் தொடுத்த சிவில் வழக்கில் நடுவர் குழு 1 கோடியே 12 லட்சம் டாலர் இழப்பீடு என்றது. அதில் 35 சதவீதப் பொறுப்பு யாருக்கு? "முடியாது" என்று இரண்டு தடவை சொன்ன அதே ரயில் கம்பெனிக்கு! முன்னால் போன ரயில்களின் ஓட்டுநர்கள் தண்டவாளத்துக்குப் பக்கத்தில் ஆட்களைப் பார்த்தும் தகவல் கொடுக்கவில்லை என்பது குடும்பத் தரப்பு வாதம். நியாயமா இல்லையா, நீங்களே கமெண்டில் அடித்துக்கொள்ளுங்கள்.

சாரா இறந்து பத்தாம் நாள் ஆஸ்கர் விழா. மறைந்தவர்களை நினைவுகூரும் பகுதியில் பெரிய பெரிய நடிகர்கள் பெயர்தான் வரும். ஒரு கேமரா உதவியாளர் பெயரைச் சேர்க்கச் சொல்லி பல்லாயிரம் பேர் கையெழுத்துப் போட்டார்கள். அந்தப் பகுதி முடிந்ததும் சாராவின் படமும் பெயரும் திரையில் வந்தன. ஆனால் அதைவிட எனக்குப் பிடித்தது யூனிட்காரர்கள் செய்ததுதான். உலகம் முழுக்கப் படப்பிடிப்புகளில் கிளாப் போர்டில் சாராவின் பெயரை எழுதிப் படம் எடுத்துப் போட்டார்கள். நாள் முழுக்க சீன் நம்பரும் டேக் நம்பரும் எழுதி அழிக்கிற பலகையில் ஒரு பெயர். இப்போதும் பல செட்டுகளில் அன்றைய முதல் ஷாட்டை 'ஜோன்ஸி' என்று அழைக்கிறார்கள், பாதுகாப்பு விஷயங்களை முதலில் பேசிவிட்டு ஆரம்பிக்க வேண்டும் என்பதற்காக. நாமும் முதல் ஷாட்டுக்குக் கற்பூரம் காட்டுகிறோம், எலுமிச்சம்பழம் வைக்கிறோம், கடைசியில் பூசணிக்காய் உடைக்கிறோம். அதெல்லாம் இருக்கட்டும். தட்டு சுற்றி வரும் அந்த ஐந்து நிமிடத்திலேயே கிரேனை யார் பார்த்தது, ஒயரை யார் பார்த்தது என்று ஒருவர் சத்தமாகக் கேட்டால் சாமி கோபித்துக்கொள்ளாது.

ஏன் கிரேன் என்கிறேன்? 2020 பிப்ரவரி 19, சாரா இறந்து ஆறு வருடம் நிறைய ஒரு நாள் பாக்கி. சென்னைக்குப் பக்கத்தில் 'இந்தியன் 2' செட்டில் கிரேன் சாய்ந்து மூன்று பேர் இறந்தார்கள். மூவரும் திரையில் முகம் வராதவர்கள். குடும்பங்களுக்கு கமல்ஹாசன் ஒரு கோடி ரூபாய் அறிவித்தார். அடுத்த வாரம் வேறு செய்தி வந்துவிட்டது.

இப்போது நம்ம ஊர் விஷயம். ஏவி.எம். ஸ்டூடியோ 1948-ல் கோடம்பாக்கத்துக்குப் போவதற்கு முன்னால் எங்கே இருந்தது தெரியுமா? இங்கே பக்கத்தில், தேவகோட்டை ரஸ்தாவில். சினிமாவும் ரயிலும் எங்களுக்கு அவ்வளவு பழக்கம். திருச்சியிலிருந்து மானாமதுரை போகும் பாதை செட்டிநாடு, காரைக்குடி, தேவகோட்டை ரஸ்தா, கல்லல் என்று எங்களுக்கு நடுவில்தான் போகிறது. செட்டிநாடு ஸ்டேஷன் பார்க்க அமைதியாக, அழகாக இருக்கும். அதனால்தான் கல்யாண போட்டோ எடுக்கிறவர்கள், ரீல்ஸ் எடுக்கிறவர்கள், குறும்படம் எடுக்கிறவர்கள் எல்லோருக்கும் தண்டவாளத்தைப் பார்த்தால் கை அரிக்கிறது.

தம்பிகளா, தங்கச்சிகளா, முறைப்படி எடுக்க வழி இருக்கிறது. தெற்கு ரயில்வேயின் மக்கள் தொடர்பு அதிகாரியிடம் விண்ணப்பிக்க வேண்டும், கட்டணம் கட்ட வேண்டும். அனுமதி கிடைத்தால் ரயில்வே ஆளே கூட நிற்பார். அனுமதி இல்லாமல் தண்டவாளத்தில் இறங்கினால் 1989 ரயில்வே சட்டம் 147-ஆம் பிரிவு: ஆறு மாதம் வரை சிறை, அல்லது 1,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். ஆயிரம் ரூபாய்தானே என்று சிரிக்கிறவர்களிடம் மறுபடி அந்த 25 மீட்டர் கணக்கைப் போட்டுக் காட்டுங்கள்.

யூனிட்டில் புதிதாகச் சேர்ந்திருக்கிறீர்கள், பேட்டாவுக்கு நிற்கிற ஆள், மேனேஜரிடம் போய் "அண்ணே, பர்மிஷன் லெட்டர் இருக்காண்ணே?" என்று கேட்டால் அடுத்த படத்துக்குக் கூப்பிட மாட்டார்களோ என்ற பயம் இருக்கும். எனக்குப் புரிகிறது. தனியாகக் கேட்காதீர்கள், நாலு பேராகக் கேளுங்கள். லைட்மேன், கேமரா அசிஸ்டென்ட், டிரைவர், மேக்கப் அக்கா என்று சேர்ந்து கேட்டால் நாலு பேரையும் நிறுத்திவிட்டு அன்றைக்கு ஷூட்டிங் நடத்த முடியாது. சங்கத்தில் கார்டு இருப்பவர்கள் சங்கத்துக்கும் ஒரு போன் போட்டுவிடுங்கள்.

24 கிராஃப்டில் நீங்கள் எந்தக் கிராஃப்ட் என்று கமெண்டில் போடுங்கள். 'அனுமதி இருக்கா' என்று கேட்டு உண்மையிலேயே ஷூட்டிங்கை நிறுத்தியவர் யாராவது இருந்தால் பெயர் போடாமல் எழுதுங்கள், அதை அடுத்த வீடியோவில் படிக்கிறேன். தேவகோட்டை ரஸ்தாவில் ஏவி.எம். இருந்த கதை தனியாக வருகிறது. பெல் ஐகானை அமுக்கி வையுங்கள்.