மின் திருட்டுத் தொகைக்கு எந்த நீதிமன்றம்?

நேயர்களுக்கு வணக்கம்.

மின் திருட்டைக் கண்டுபிடிக்கும் பறக்கும் படையினர் வந்து மீட்டரைச் சோதித்து, சோதனையில் கண்டதைப் பதிவு செய்யும் மகஜர் எழுதிக் கையெழுத்து வாங்கி, இணைப்பைத் துண்டித்துவிட்டுப் போன பிறகு, மின்வாரியத்தின் நோட்டீசோடு வழக்கறிஞரைத் தேடி வருகிறவர்கள் சென்னையில் ஏராளம். அவர்களில் பெரும்பாலோர் கேட்பது ஒன்றுதான்: “சார், சிட்டி சிவில் கோர்ட்டில் ஒரு ஸ்டே வாங்கிக் கொடுங்கள்.” உடனே சரி என்று சொல்ல முடியாத வேண்டுகோள் அது. நோட்டீசில் எந்தப் பிரிவு குறிக்கப்பட்டிருக்கிறது என்பதைப் பார்த்த பிறகே அதற்குப் பதில் சொல்ல இயலும்.

உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 9ஆம் பிரிவின்படி, வேறொரு சட்டம் வெளிப்படையாகவோ உட்கிடையாகவோ தடுத்திருந்தாலன்றி, உரிமையியல் தன்மையுள்ள எந்த வழக்கையும் சிட்டி சிவில் கோர்ட் போன்ற உரிமையியல் (சிவில்) நீதிமன்றங்கள் விசாரிக்கலாம். 2003ஆம் ஆண்டு மின்சாரச் சட்டத்தின் 145ஆம் பிரிவு அத்தகைய வெளிப்படையான தடை. அனுமதியற்ற மின் பயன்பாட்டுக்கான தொகையை மதிப்பிடும் 126ஆம் பிரிவின் கீழ் மதிப்பீட்டு அலுவலரோ, 127ஆம் பிரிவின் கீழ் மேல்முறையீட்டு அதிகாரியோ தீர்மானிக்க வேண்டிய விஷயங்களில் உரிமையியல் வழக்குத் தொடர முடியாது என்றும், இச்சட்டம் தரும் அதிகாரத்தின்படி எடுக்கப்படும் நடவடிக்கைக்கு எந்த நீதிமன்றமும் உறுத்துக்கட்டளை, அதாவது தடை உத்தரவு, பிறப்பிக்கக் கூடாது என்றும் அது சொல்கிறது.

ஆனால் மின் திருட்டைக் குற்றமாக்கும் 135ஆம் பிரிவின் பெயர் அந்தத் தடையில் இல்லை. இந்த இடைவெளியைப் பிடித்துக்கொண்டு, திருட்டுக்காகப் போடப்பட்ட தொகையை எதிர்த்து உரிமையியல் வழக்குப் போடலாம் என்று வாதிடுகிறவர்கள் உண்டு. என் பார்வையில் அது பாதி சரியான வாதம். 154ஆம் பிரிவு, திருட்டுக்கான உரிமையியல் பொறுப்பைப் பணமாக நிர்ணயிக்கும் வேலையை, மின் திருட்டு வழக்குகளை விசாரிக்கும் சிறப்பு நீதிமன்றத்திடம் ஒப்படைத்து, அத்தொகையை உரிமையியல் நீதிமன்றத் தீர்ப்பாணை போலவே வசூலிக்கச் சொல்கிறது. தனி மன்றமும் தனிப் பரிகாரமும் இருக்கும்போது, அதே கணக்கைச் சிட்டி சிவில் கோர்ட் மறுபடியும் போட்டுப் பார்க்க இடமில்லை. ஆயினும், சட்டம் விதித்த வழிமுறையையே அதிகாரி பின்பற்றாதபோது உரிமையியல் நீதிமன்றத்தின் அதிகாரம் அற்றுப்போவதில்லை என்று 1968இல் துலாபாய் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு விதிவிலக்கு வைத்திருக்கிறது. குறுகலான வழிதான், அதிலும் தொகை அதிகம் என்ற முறையீட்டை மட்டும் வைத்துக்கொண்டு நுழைய முடியாது.

இனி நோட்டீசுக்கு வருவோம். வீட்டு இணைப்பை வைத்துக்கொண்டு முன்னறையில் தையல் கடை நடத்துவது, அனுமதித்த நோக்கத்துக்கு மாறான பயன்பாடு என்பதால் 126இல் அடங்கும். மின்கம்பியில் கொக்கி போட்டு எடுப்பது 135. இரண்டையும் பிரிப்பது நேர்மையற்ற எண்ணம் என்பதை 2011இல் சீதாராம் அரிசி ஆலை வழக்கில் உச்ச நீதிமன்றம் விளக்கியது. சிக்கல் மீட்டரில்தான் இருக்கிறது. சேதப்படுத்தப்பட்ட மீட்டர் 126இன் விளக்கத்திலும் வருகிறது, 135இலும் வருகிறது. ஆக, உடைந்த ஒரே முத்திரையை அலுவலர் எப்படி வகைப்படுத்துகிறார் என்பதைப் பொறுத்து, மேல்முறையீட்டோடு முடியக்கூடிய ஒரு விஷயம் மூன்றாண்டு வரை சிறைத் தண்டனைக்குரிய வழக்காகிவிடலாம். இந்தச் சட்டத்தில் எனக்கு உறுத்தலாகத் தோன்றும் இடம் இதுவே.

126 என்றால் முதலில் தற்காலிக மதிப்பீடு வரும். ஆட்சேபம் தெரிவித்தால், அந்த உத்தரவு கிடைத்த 30 நாட்களுக்குள் இறுதி உத்தரவு வர வேண்டும். அதன்மேல் 30 நாட்களுக்குள் மேல்முறையீடு செய்யலாம். ஆனால் தொகையில் பாதியைக் கட்டியாக வேண்டும். இதில் பலர் கவனிக்கத் தவறுவது ஒன்றுண்டு: இரு தரப்பின் சம்மதத்தோடு பிறந்த இறுதி உத்தரவின் மேல் மேல்முறையீடே கிடையாது. அலுவலகத்தில் நீட்டப்படும் தாளைப் படித்துப் பார்த்துக் கையெழுத்திடச் சொல்வது இதனால்தான்.

135 என்றால், இணைப்பைத் துண்டித்த 24 மணி நேரத்துக்குள் காவல் நிலையத்தில் எழுத்துப்பூர்வமாகப் புகார் தரப்பட வேண்டும். மதிப்பிட்ட தொகையைக் கட்டிவிட்டால் 48 மணி நேரத்துக்குள் இணைப்பைத் திரும்பக் கொடுக்க வேண்டும். பணம் கட்டியதாலேயே குற்றத்தை ஒப்புக்கொண்டதாகிவிடாது. சிறப்பு நீதிமன்றம் இறுதியில் நிர்ணயிக்கும் பொறுப்பு, கட்டிய தொகையைவிடக் குறைவாக இருந்தால், மிகுதியை வட்டியோடு திருப்பித் தர வேண்டும் என்று 154ஆம் பிரிவே சொல்கிறது.

நுகர்வோர் நீதிமன்றத்துக்குப் போகலாமே என்று கேட்பவர்களுக்கு: 126இன் மதிப்பீட்டையோ திருட்டுக் குற்றச்சாட்டையோ எதிர்த்து அங்கே புகார் நிற்காது என்று 2013இல் அனிஸ் அகமது வழக்கில் முடிவாகிவிட்டது. அரசியல் சாசனத்தின் 226ஆம் உறுப்பின் கீழ் ரிட் மனுக்களை விசாரிக்க உயர் நீதிமன்றத்துக்கு உள்ள அதிகாரத்தை 145ஆம் பிரிவு தொடவில்லை. ஆனால் மாற்றுப் பரிகாரம் இருக்கிறதே என்ற கேள்வியை ரிட் மனுதாரர் எதிர்கொண்டாக வேண்டும்.

உரிமையியல் நீதிமன்றம் முழுமையாகத் திறந்திருக்கும் இடமும் ஒன்று இருக்கிறது. மின் இணைப்பு வீட்டு உரிமையாளர் பெயரில் இருக்கும். மீட்டரைத் தொட்டவர் வாடகைக்கு இருந்தவராக இருப்பார். மின்வாரியத்துக்குப் பணத்தைக் கட்டிய உரிமையாளர், அதைக் குடியிருந்தவரிடம் கேட்டு வழக்குப் போட்டால், அது இரு தனி மனிதர்களுக்கிடையிலான பணத் தகராறு. மதிப்பீட்டு அலுவலருக்கோ சிறப்பு நீதிமன்றத்துக்கோ அதில் வேலையில்லை. அந்த வழக்கில் வாடகை ஒப்பந்தமும், மகஜரின் நகலும், பணம் கட்டிய ரசீதும் சான்றாவணங்களாகும். நன்றி, வணக்கம்.