அம்மா எழுதிய ஏழு பக்கம்

நேயர்களுக்கு வணக்கம். ஹாரி பர்ன் என்று ஒருவர், அமெரிக்காவின் டென்னசி மாநிலத்தில் நயோட்டா என்ற சின்ன ஊர்க்காரர். 1918-ல் மாநிலச் சட்டமன்றத்துக்குத் தேர்வானார். பிற்பாடு வழக்கறிஞர் ஆனார், மாநில செனட்டிலும் இருந்தார், 1977-ல் இறந்தார். ஆனால் எனக்கு அவர் வாழ்க்கை என்றாலே 1920 ஆகஸ்ட் 18-ஆம் தேதிதான்.

பெண்களுக்கு ஓட்டுரிமை தரும் 19-ஆவது அரசியல் சட்டத் திருத்தத்தை 35 மாநிலங்கள் ஏற்றாகிவிட்டது, இன்னும் ஒன்றே ஒன்று வேண்டும். டென்னசியின் தலைநகரான நாஷ்வில் நகரமே ரோஜாப்பூவாகக் கிடந்தது. ஆதரிப்பவர்கள் மஞ்சள் ரோஜா, எதிர்ப்பவர்கள் சிவப்பு. 24 வயது பர்ன் கோட்டில் சிவப்பு ரோஜா. அந்த ஆண்டே அவருக்குத் தேர்தல் வேறு, தொகுதியிலோ எதிர்ப்பு பலம்.

தீர்மானத்தைக் கிடப்பில் போடலாமா என்று முதலில் வாக்கெடுத்தார்கள். 48க்கு 48. மறுபடி எடுத்தார்கள், அதே 48க்கு 48. இரண்டு தடவையும் கிடப்பில் போடச் சொன்னவர்களில் பர்னும் ஒருவர். அப்புறம் திருத்தத்தின் மீதே வாக்கெடுப்பு, பெயரைக் கூப்பிட்டதும் “ஆம்” என்றார். அவ்வளவுதான், சமநிலை உடைந்தது.

அவர் கோட்டுப் பையில் அம்மா ஃபெப் எழுதிய கடிதம் இருந்தது. ஏழு பக்கம், பெரும்பாலும் வீட்டுச் சமாச்சாரம், நடுவே பெண்கள் ஓட்டுரிமைக்கு வாக்களி, அவர்களைச் சந்தேகத்தில் விடாதே என்று மகனுக்கு ஒரு வார்த்தை. கல்லூரியில் படித்தவர் அந்த அம்மா. அவர்கள் பண்ணையில் குத்தகைக்கு உழுதவர்களில் எழுதப் படிக்கத் தெரியாத ஆண்களும் உண்டு, அவர்களுக்கு ஓட்டு இருந்தது, இவருக்கு இல்லை. மகனே பிறகு சொன்னது இது.

மறுநாள் லஞ்சம் வாங்கிவிட்டார் என்று பழி போட்டார்கள். பர்ன் மழுப்பவில்லை. அம்மா சொல்வதைக் கேட்பதுதான் பிள்ளைக்கு எப்போதும் பத்திரம், என் அம்மா இதைத்தான் விரும்பினார் என்று அவைக் குறிப்பிலேயே பதிய வைத்தார். அந்த வயதில், அத்தனை பெரிய ஆட்கள் முறைத்துக்கொண்டிருக்கும்போது! இதற்காகவே எனக்கு அவரை ரொம்பப் பிடிக்கும்.

ஒன்றைச் சொல்லாமல் விடக்கூடாது. தென் மாநிலங்களில் கறுப்பினப் பெண்கள் பலரை அதன் பிறகும் ஓட்டுப் போட வரி, எழுத்தறிவுத் தேர்வு, மிரட்டல் என்று ஓட்டுப் போடவிடாமல் தடுத்தார்கள், 1965-ஆம் ஆண்டு வாக்குரிமைச் சட்டம் வரும்வரை அவர்கள் போராட வேண்டியிருந்தது.

பர்ன் அந்த நவம்பரில் மறுபடி ஜெயித்தார். அம்மாவின் கடிதம் இன்று டென்னசியில், நாக்ஸ்வில் நகரில் உள்ள ஒரு பொது நூலகத்தில் இருக்கிறது.